எடிட்டிங் முடிந்த பிறகு வரும் போன்

படவேட்டில் ஒரு குறும்படம் எடுக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். பத்து நிமிடக் கதை. ஒரு தறி வீடு, ரேணுகாம்பாள் கோயிலின் ஆடி வெள்ளிக் கூட்டம், அவ்வளவுதான். கேமரா வாடகை, வேன், சாப்பாடு என்று கையிலிருந்த காசு ஷூட்டிங்கிலேயே கரைந்துவிடும். எடிட்டிங்கும் முடிந்த பிறகுதான் இசையமைப்பாளருக்கு போன் போகும். "ப்ரோ, வெள்ளிக்கிழமை அப்லோடு. பார்த்துப் பண்ணிக் கொடுங்க!"

கூடவே ஒரு தலைவலியும் வரும். காட்சி வெறுமையாக இருக்கிறதே என்று எடிட்டர் ஏதோ ஒரு பெரிய படத்தின் பின்னணி இசையைத் தற்காலிகமாகப் போட்டிருப்பார். பத்து முறை பார்த்த இயக்குநருக்கு அதுவே மனதில் ஒட்டிக்கொள்ளும். அப்படியே விட்டால் யூடியூபில் காப்பிரைட் பிரச்னை. 'அதே மாதிரி வேணும், ஆனா அதுவா இருக்கக் கூடாது' என்பார்கள். குறும்பட இசையமைப்பாளரின் பாதி உழைப்பு இதிலேயே போய்விடும்.

மீதி உழைப்பு, சரியான சத்தத்தைத் தேடுவதில். லேப்டாப்பில் இருக்கும் டிரம்ஸை வைத்து அம்மன் கோயில் பம்பையை ஒப்பேற்றினால், ஊர்க்காரர்கள் முதல் அடியிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள். தறி வீட்டுக் காட்சிக்கோ பெரிய இசையே தேவையில்லை. தறிச் சத்தத்தை செல்போனில் பதிவு செய்தாலே தாளம் கிடைத்துவிடும்.

இவ்வளவுக்கும் சம்பளம்? பெரும்பாலும் டைட்டிலில் ஒரு பெயர். அதை நம்பி இறங்கலாமா?

இறங்கி ஜெயித்தவர் ஜஸ்டின் பிரபாகரன். மதுரைக்காரர். கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சி இளைஞர்களைக் குறும்படம் பக்கம் இழுத்த காலத்தில், அவர்களின் படங்களுக்கு இசையமைத்தவர். அப்படிப் பழகியவர்தான் இயக்குநர் எஸ்.யு.அருண்குமார். தன் 'பண்ணையாரும் பத்மினியும்' குறும்படத்தையே விஜய் சேதுபதியை வைத்துப் பெரிய படமாக எடுத்தபோது, ஜஸ்டினையே இசையமைக்க வைத்தார். 2014-ல் படம் வந்தது. பிறகு 'ஒரு நாள் கூத்து', 'மான்ஸ்டர்', தெலுங்கில் 'டியர் காம்ரேட்' என்று போய்விட்டார்.

ஆனால், இதை எல்லோருக்கும் நடக்கும் கதையாகச் சொல்வது நியாயமில்லை. நண்பனுக்குப் பெரிய படம் கிடைத்தாலும், 'மார்க்கெட் உள்ள மியூசிக் டைரக்டர் வேணும்' என்று தயாரிப்பாளர் சொல்லிவிட்டால் அந்த நட்பு டீக்கடையோடு நின்றுவிடும். நண்பனைக் குறை சொல்லவும் முடியாது, அவனுக்கும் அது முதல் படம்.

பலருக்குத் தெரியாத ஒன்று உண்டு. 2012-ல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டப்படி, படத்துக்காக உருவான இசை தியேட்டருக்கு வெளியே பயன்படும்போது வரும் ராயல்டியில் இசையமைப்பாளருக்குச் சம பங்கு உண்டு. 'வேண்டாம்' என்று எழுதிக் கொடுத்தாலும் அந்த உரிமை போகாது. ஐ.பி.ஆர்.எஸ் அமைப்பில் உறுப்பினரானால், அங்கே பதிவான பாடல்களுக்கான ராயல்டியை வசூலித்துத் தருவார்கள். இசை யாருக்குச் சொந்தம், வேறு எங்கே பயன்படுத்தலாம் என்பதை, ஃபைலை அனுப்புவதற்கு முன் வாட்ஸ்அப்பிலாவது எழுதி வாங்கிக்கொள்ளலாம். நண்பனிடம் போய் இதைக் கேட்கக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கும்.