ஹக்காரின் இரத்தம்

2005 செப்டெம்பர் மாதத்தின் பிற்பகுதியில் ஓர் இரவு, ரொறன்ரோவில் வசிக்கும் என் தங்கையின் மகன் தொலைபேசியில் அழைத்தான். அப்போது அவனுக்குப் பதினாறு வயது. சுகம் விசாரித்து முடித்ததும், "மாமா, எங்கட நகரத்தில கொள்ளைநோய். தெருவெல்லாம் எலும்புக்கூடு" என்றான்.

2003இல் சார்ஸ் நோய் கனடாவில் 44 பேரைப் பலிகொண்டது. அந்த நாட்களில் தங்கையின் குரலில் இருந்த நடுக்கத்தை நான் மறந்திருக்கவில்லை. நெஞ்சு பதைத்தது, ஆயினும் கை தன்பாட்டில் பேனாவைத் தேடி எடுத்துக்கொண்டது. எந்த நகரம், எத்தனை பேர் என்று கேட்டேன். "அயர்ன்போர்ஜ்" என்றான். அப்படியொரு நகரம் கனடாவில் மட்டுமல்ல, இப்பூவுலகிலேயே இல்லை என்பது சற்றுப் பின்னரே எனக்கு விளங்கியது. அவன் சிரித்த சிரிப்பு இன்றும் காதில் நிற்கின்றது.

அவன் சொன்னது 'வேர்ல்ட் ஒஃப் வார்கிராஃப்ட்' என்ற இணைய விளையாட்டில் நடந்த சம்பவம். 2004 நவம்பரில் பிளிசார்ட் என்ற அமெரிக்க நிறுவனம் வெளியிட்ட அவ்விளையாட்டை மறு வருடமே பல இலட்சம் பேர் விளையாடிக்கொண்டிருந்தார்கள். 2005 செப்டெம்பர் 13ஆம் திகதி, சுல்குரூப் என்ற பாழடைந்த நகரம் ஒன்று அதில் புதிதாகச் சேர்க்கப்பட்டது. இருபது பேர் கூட்டாகச் சென்று போரிடவேண்டிய இடம் அது. அங்கே ஹக்கார் என்றொரு குருதித் தெய்வம், பாம்பு வடிவில். தன்னை எதிர்ப்போர் மீது அது ஒரு மந்திர நோயை ஏவும். 'கெட்ட இரத்தம்' என்று அதன் பெயரைத் தமிழாக்கலாம். சில விநாடிகளுக்கு ஒருமுறை உயிர்ப்பலத்தை உறிஞ்சும். அருகே நிற்பவரையும் தொற்றும். தேர்ந்த வீரர்களுக்கு அது ஓர் இடைஞ்சல் மட்டுமே. புதிதாக விளையாட வந்தவர்களுக்கோ சில விநாடிகளில் மரணம்.

அந்நோய் சுல்குரூப்பின் எல்லையைத் தாண்டக்கூடாது என்பதே வடிவமைத்தவர்களின் எண்ணம். தாண்டவைத்தவை வளர்ப்பு மிருகங்கள். வேட்டைக்காரப் பாத்திரங்கள் புலி, கரடி போன்ற மிருகங்களைத் துணைக்கு வைத்திருப்பார்கள். வேண்டாதபோது மறையச் செய்து, வேண்டும்போது மீண்டும் வரவழைக்கலாம். நோயுற்ற மிருகத்தை மறையச் செய்தால் நோயும் அதனுடன் அப்படியே உறைந்துவிடும். பின்னர் சனம் நிறைந்த நகரமொன்றில் அதை வரவழைத்தபோது நோயும் கூடவே வந்து இறங்கியது. விலங்கிலிருந்து மனிதருக்கு நோய் தாவுவதை எழுதி எழுதி அலுத்த எனக்கு, இதைக் கேட்டபோது மெய்சிலிர்த்தது.

இன்னொன்றும் உண்டு. நகரத்துக் கடைக்காரர்களையும் காவலர்களையும் இயக்குவது மனிதரல்ல, கணினி. அவர்களையும் நோய் தொற்றியது; ஆனால் அவர்கள் சாகவில்லை. பார்வைக்குச் சுகதேகிகளாக நின்றபடி, பொருள் வாங்க வந்தவர்களுக்கெல்லாம் நோயைக் கொடுத்தார்கள்.

விளையாட்டு வீரர்கள் நடந்துகொண்ட விதம்தான் விநோதம். சிலர் நகரங்களைக் கைவிட்டு நாட்டுப்புறம் ஓடினார்கள். சிலர் வழியில் நின்று, உள்ளே போகவேண்டாம் என்று புதியவர்களைத் தடுத்தார்கள். குணமாக்கும் ஆற்றல் படைத்தவர்கள் தாமாகவே வைத்தியத்துக்கு வந்தார்கள். அவர்களின் கருணையால் நோயாளி இன்னும் சிறிது நேரம் உயிரோடு நடமாடி, இன்னும் சிலருக்கு நோயைக் கொடுத்தான் என்பது வேறு விடயம். வேண்டுமென்றே நோயைக் காவிச்சென்று கூட்டத்தில் இறக்கியவர்களும் இருந்தார்கள். தனிமைப்படுத்த நிறுவனம் எடுத்த முயற்சி பலிக்கவில்லை. கடைசியில் சேவையகங்களை நிறுத்தி மீள இயக்கி, மிருகங்களை நோய் தொற்றாதவாறு நிரலை மாற்றித்தான் அடக்கினார்கள். அந்த வசதி நம் உலகத்துக்கு இல்லை.

இதையெல்லாம் ஒரு சிறுவனின் கதையாக எண்ணி நான் மறந்துவிட்டேன். 2007இல் எரிக் லொஃப்கிரென், நினா ஃபெஃபர்மன் என்ற இரு ஆய்வாளர்கள், தொற்றுநோய்களுக்கான 'லான்செற்' மருத்துவ ஏட்டில் இச்சம்பவத்தை ஆராய்ந்து எழுதினார்கள். விளையாட்டில் செத்தவர் மீண்டும் எழலாம், ஆகவே அங்கே எவரும் உயிருக்கு அஞ்சுவதில்லை. அதை வைத்து நிஜ மனிதரை எடைபோடலாமா என்று ஆட்சேபித்தவர்கள் உண்டு. நியாயமான ஆட்சேபமே. ஆயினும் ஓர் அவதானிப்பு என்னைத் தைத்தது. நோய் பரவிய நகரத்துக்குள், என்னதான் நடக்கிறது என்று பார்ப்பதற்காகவே ஓடிப்போய், பார்த்துவிட்டு ஓடிவந்தவர்கள் பலர். நோய்ப் பரவலைக் கணிக்கும் சூத்திரங்களில் இந்த ஆவலுக்கு அதுவரை இடமிருக்கவில்லை. நிஜ உலகில் இதற்கு ஒப்பாக அவர்கள் காட்டியது யாரைத் தெரியுமா? ஆபத்து நடக்குமிடத்துக்கு விரைந்து சென்று, செய்தியுடன் திரும்பி வரும் பத்திரிகையாளரை.

முதன்முறை வாசித்தபோது எனக்குக் கோபமே வந்தது. நாங்கள் வேடிக்கை பார்க்கப் போகின்றவர்களா?

2021 ஓகஸ்ட் மாதம், டெல்ரா திரிபு நாட்டை உலுக்கிக்கொண்டிருந்த நாட்களில், சடலங்கள் வரிசையில் காத்திருக்கும் ஒரு தகனசாலைக்குப் போனேன். எவரும் என்னை அனுப்பவில்லை. ஓய்வுபெற்ற பிறகும் எழுதுகின்றவனுக்கு ஆசிரியபீடத்தின் உத்தரவு எதற்கு? தொலைபேசியில் விசாரித்தே எழுதியிருக்கலாம். ஆனால் கண்ணால் காணாமல் எழுதுவதில்லை என்பது என் நாற்பது வருடத்துப் பெருமை. முகக்கவசம் அணிந்திருந்தேன். இரண்டு மணி நேரம் நின்றேன். ஒரு மகன் தன் தந்தையின் பெயரைச் சொன்னபோது சரியாகக் கேட்கவில்லை என்று அருகே போனேன்.

ஐந்தாம் நாள் எனக்குத் தொண்டை கரகரத்தது. அத்தோடு சரி. எட்டாம் நாள் மனைவிக்குக் காய்ச்சல். பதினொரு நாட்கள் அவர் ஒட்சிசனில் கிடந்தார். வைத்தியசாலை வாசலுக்குக்கூட என்னை விடவில்லை. அந்த நாட்களில்தான் அயர்ன்போர்ஜின் கடைக்காரன் ஞாபகத்துக்கு வந்தான்: ஒன்றும் ஆகாமல் நின்றுகொண்டிருந்தவன். நோய் என்னிடமிருந்துதான் போனது என்று எவராலும் நிரூபிக்க முடியாது. மரக்கறி கொண்டுவந்தவரிடமிருந்தும் வந்திருக்கலாம். மருமகனும் தொலைபேசியில் அப்படித்தான் சொன்னான். இப்போது அவனுக்கு இரண்டு பிள்ளைகள், விளையாட நேரமில்லை.

மனைவி தேறி வீடு வந்தார். வந்த அன்று, கட்டிலில் சாய்ந்தபடி, "நீங்கள் அண்டைக்குப் போன விசயம் பேப்பரில வந்ததோ?" என்று கேட்டார்.

வந்தது என்றேன். மூன்றாம் பக்கத்தில், நான்கு பந்திகள். வெட்டி வைத்திருந்ததை எடுத்துக் கொடுத்தேன். கண்ணாடி கேட்டார்.