பொருநைக் கரையில் பாடும் கல்

பாபநாசம் படித்துறையில் இறங்கினால் காலில் பழைய வேட்டியும் சேலையும் சுற்றிக்கொள்ளும். பாவம் தொலைக்க வருகிறவர்கள் உடுத்திய துணியையும் ஆற்றோடு விட்டுவிட்டுப் போகிறார்கள். தன்னார்வலர்கள் டன் கணக்கில் அள்ளிக் கரையில் போட்டாலும் அடுத்த அமாவாசைக்குள் மறுபடி சேர்ந்துவிடுகிறது. பொதிகை உச்சி, பாணதீர்த்தம், காரையாறு அணை எல்லாம் வரைபடத்தில் இருப்பவை. நான் பொருநை என்னும் தாமிரபரணியைப் படித்துறையிலிருந்து பிடித்துக்கொண்டு இறங்குகிறேன். இதன் கரையில் தட்டினால் பாடுகிற கல் இருக்கிறது. அதை நாம் என்ன பாடு படுத்துகிறோம் என்று சொல்லியாக வேண்டும்.

அம்பாசமுத்திரம், கல்லிடைக்குறிச்சி, சேரன்மகாதேவி என்று வயலும் வாழையுமாகப் போகிறது ஆறு. இடையில் திருப்புடைமருதூர்க் கோபுரத்துக்குள் ஏறி ஓவியங்களையும் மரச் சிற்பங்களையும் பார்க்காமல் போகக் கூடாது.

திருநெல்வேலியில் நெல்லையப்பர் கோயில் மணி மண்டபம். நடுவில் ஒரு பெரிய தூண், அதைச் சுற்றி 48 சிறு தூண்கள், எல்லாம் ஒரே கல்லில் குடைந்தவை. ஒன்றைத் தட்டினால் ஒரு சுரம், பக்கத்துத் தூணில் வேறொரு சுரம். நின்றசீர் நெடுமாறன் காலத்தது என்பது கோயில் மரபு. மண்டபத்தில் நின்றால் விதவிதமான கதைகள் காதில் விழும். கல்லுக்குள் பொள்ளலாம், உலோகம் கலந்து வார்த்ததாம், சித்தர் மந்திரம் ஏற்றி வைத்ததாம். ஹம்பி விட்டலர் கோயிலில் உள்ள இதே வகைத் தூண்களைக் கல்பாக்கம் அணு ஆராய்ச்சி மைய விஞ்ஞானிகள் மீயொலி கொண்டு சோதித்திருக்கிறார்கள். தூண்கள் முழுக் கல். உள்ளே பொள்ளல் கிடையாது. தட்டும்போது தூண் வளைந்து அதிர்கிறது, அந்த அதிர்வுதான் ஒலி. தூண் பருத்தால் சுருதி ஏறும், நீண்டால் இறங்கும். நீளத்தைப் பாதியாக்கினால் சுருதி இரண்டு மடங்கு அல்ல, ஏறக்குறைய நான்கு மடங்கு ஏறும். உளியை ஒரு விரற்கடை கூடுதலாக ஓட்டினால் சுரம் போயிற்று. செதுக்கி எடுத்த கல்லைத் திரும்ப ஒட்டவும் முடியாது. இதைக் காதால் அளந்து செய்த சிற்பியின் பெயர்கூட நமக்குத் தெரியாது. அவனுக்குச் சேர வேண்டிய புகழை மந்திரத்துக்குக் கொடுத்துவிட்டோம். மந்திரம் என்று நம்பிவிட்டால் கல் தன்னைத்தானே காத்துக்கொள்ளும் என்ற தைரியமும் வந்துவிடுகிறது. எனக்கு ஆத்திரம் அதில்தான்.

குறுக்குத்துறை முருகனை ஒவ்வொரு வெள்ளமும் முழுக்காட்டும். அவரைத் தாண்டினால் நகரத்துச் சாக்கடை ஆற்றில் கலக்கிறது. கொக்கிரகுளத்தில் 1999 ஜூலை 23 அன்று, மாஞ்சோலைத் தொழிலாளர்களுக்காக ஊர்வலம் வந்தவர்களில் 17 பேர் இங்கே உயிர் விட்டார்கள். அதைச் சொல்லாமல் அங்குள்ள பாலத்தைக் கடக்க எனக்கு மனம் வராது.

சீவலப்பேரி, முறப்பநாடு, மருதூர் அணை, ஸ்ரீவைகுண்டம் அணை. அதற்குக் கீழேதான் எங்கள் ஊர், வடகரையில். தென்கரையில் ஆழ்வார்திருநகரி: நம்மாழ்வாரும் உறங்காப்புளியும் கல்லில் செய்த நாகசுரமும் இசைத்தூண்களும் உள்ள ஊர்.

வைகாசியில் அங்கே ஒன்பது கருடசேவை. ஸ்ரீவைகுண்டம் கள்ளபிரான், பெருங்குளம் மாயக்கூத்தர், தென்திருப்பேரை மகரநெடுங்குழைக்காதர் என்று நவதிருப்பதிப் பெருமாள்களும் ஆழ்வாரைத் தேடி வருவார்கள். அன்றெல்லாம் வடகரைச் சனம் பாலத்துக்குச் சுற்றாமல் ஆற்றில் இறங்கியே போகும். அந்த மாதத்தில் தண்ணீர் முழங்கால் அளவுதான். அடியில் மணல் சர்க்கரை போலக் கிடக்கும். ஆச்சி சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு முன்னால் நடப்பாள். "ஏல, முந்தானையப் பிடிச்சுக்கோ, குழி கெடக்கும்." தலையில் புளியோதரைத் தூக்குவாளி. முன்னே போகிறவர்கள் தடம் பார்த்துச் சொல்ல, பின்னே வருகிறவர்கள் அதே தடத்தில் கால் வைப்பார்கள். எதிர்க்கரையில் ஏறியதும் ஈரப் பாவாடைகளைப் பிழிந்துகொண்டே பெண்கள் கோபுரத்தைப் பார்த்துக் கும்பிடுவார்கள்.

பெருமாள்கள் கருடன்மேல் புறப்பட ராத்திரி வெகுநேரமாகும். அந்த இடைவேளையில் ஆச்சி என்னைத் தூணருகே கூட்டிப்போய், "தட்டாத. காத மட்டும் வை" என்றாள். பக்கத்தில் நின்ற பெரியவர் இன்னொரு தூணை விரல் முட்டியால் லேசாகத் தொட்டார். குளிர்ந்த கல்லில் ஒட்டியிருந்த என் தாடையெலும்பில் அந்த நாதம் ஏறியது. காதுக்கு எட்டியது அதற்கப்புறம்தான். வெளியே வெடிச் சத்தம் கேட்டு எல்லோரும் ஓடினோம். ஒன்பது கருடன்களும் வரிசை கட்டி நிற்க, எதிரே அன்ன வாகனத்தில் ஆழ்வார். தீவட்டி எண்ணெய் மணமும் துளசி மணமும் கலந்து வந்தன. விடியற்காலை திரும்பும்போது ஆறு இன்னும் குளிர்ந்திருக்கும். நான் பாதித் தூக்கத்தில் மாமா தோளில் கிடப்பேன்.

இன்று அந்தத் தடத்தில் இறங்கிப் போக முடியாது. மணலை வாரி வாரிக் குழியாக்கிவிட்டார்கள். 2010இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தடை போடும்வரை லாரிகள் நிற்கவில்லை. குழிகளில் தேங்கிய தண்ணீரை அமலைச்செடி மூடியிருக்கிறது. 2023 டிசம்பர் 17, 18இல் வந்த வெள்ளம் ஸ்ரீவைகுண்டத்தில் ஒரு ரயிலையே நிறுத்தி, பயணிகளைத் தவிக்கவிட்டது. அந்த வெள்ளத்துக்கு அப்புறமும் ஆற்றைச் சீராக்கும் வேலை அறிக்கைகளில்தான் நடக்கிறது. தூண்களுக்கும் இதே கதிதான். வருகிறவர்கள் சாவியால், ஐந்து ரூபாய் நாணயத்தால் தட்டிப் பார்க்கிறார்கள். ஒவ்வொரு தட்டும் விளிம்பைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்னும். ஒரு மயிரிழை விரிசல் போதும், சுரம் செத்துவிடும். ஹம்பியில் தட்டவே தடை. நம் கோயில்களிலும் அது கண்டிப்பாக நடக்க வேண்டும்.

ஏரல், ஆத்தூர் வெற்றிலைக் கொடிக்கால், கடல் விலகிப்போன கொற்கை, பிறகு புன்னைக்காயல். அங்கே ஆறு முடிகிறது.

நான் கேட்பது ஒன்றுதான். பொருநைக் கரைக் கோயில்களின் ஒவ்வொரு இசைத்தூணையும் ஒரே ஒருமுறை, மெத்தென்ற கட்டையால், தேர்ந்தவர் கையால் தட்டி ஒலிப்பதிவு செய்யுங்கள். நீளமும் பருமனும் அளந்து எழுதுங்கள். பதிவை எல்லோரும் கேட்கும்படி மண்டபத்திலேயே ஒலிக்க வையுங்கள். அதற்குப் பிறகு யாரும் கல்லில் கை வைக்க வேண்டாம். கோயில் நிர்வாகங்களும் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகமும் மனம் வைத்தால் ஒரு கோடை விடுமுறைக்குள் முடிகிற வேலை இது.