மயங்கிய பிள்ளையைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம்



ஓகஸ்ட் விடுமுறை வந்தால் எங்கட ஊரில் பல வீடுகள் கட்டார், துபாய் என்று பெட்டி கட்டும். போனவர்கள் பிள்ளைகளை ரோலர் கோஸ்டரில் ஏற்றாமல் திரும்புவதும் குறைவு. அதனால்தான் இந்தப் பதிவு.

சென்ற விடுமுறையில் மச்சான் குடும்பத்தோடு நாங்களும் ஏறினோம். முன் ஆசனத்தில் தரம் 10 படிக்கும் மருமகன். உயரத்திலிருந்து சீறி இறங்கி, அடிவளைவில் மீண்டும் மேலே திரும்பும் இடத்தில் அவனது தலை சாய்ந்துவிட்டது. சில செக்கன்களில் தானாகவே நிமிர்ந்து, "என்ன நடந்த மாமா?" என்று கேட்டான். அன்று பின்னேரமே அந்த வீடியோ குடும்ப வட்ஸ்அப் குழுமத்தில் ஓடியது. "ஆம்பிளப் புள்ளக்கி இவ்வளவு பயமா?" என்று ஒரே சிரிப்பு. அவன் இரண்டு நாள் யாருடனும் சரியாகப் பேசவில்லை.

பயத்தாலும் மயக்கம் வரலாம், உண்மைதான். ஆனால் அடிவளைவில் நடப்பது வேறு. அங்கே நம் எடை நான்கு மடங்கானால், 50 கிலோ பிள்ளை 200 கிலோ போல ஆசனத்தில் அழுந்தும். இரத்தமும் அப்படியே கால்பக்கம் இழுபடும். தலைக்கு இரத்தம் குறையும்போது முதலில் நிறம் மங்கும், பார்வை சுருங்கும், பிறகு நினைவு தவறும். போர் விமானிகளுக்கும் இது நடக்கும். அதற்காகவே அவர்கள் கால்களையும் வயிற்றையும் இறுக்கிப் பிடிக்கும் விசேட உடை அணிகிறார்கள். அவர்களை யாராவது பயந்தாங்கொள்ளி என்போமா?

1895 இல் அமெரிக்காவின் கோனி ஐலண்டில் முழு வட்ட வளையத்தோடு ஓடிய 'ஃபிளிப் ஃபிளாப்' கோஸ்டர், ஏறியவர்களின் கழுத்தைப் பதம் பார்த்தது. அதனால்தான் இன்றைய வளையங்கள் வட்டமாக இல்லாமல் கண்ணீர்த்துளி வடிவில் இருக்கின்றன. அப்படியிருந்தும் ஆபத்து முற்றாக நீங்கவில்லை. ஜப்பானில் 'டோ-டோடோன்பா' கோஸ்டரில் சிலருக்கு எலும்பு முறிந்ததாக முறைப்பாடு வந்து, 2021 இல் அதை நிறுத்தினார்கள்.

ஆகவே சில விடயங்கள்:

வெறும் வயிற்றோடும் தாகத்தோடும் ஏற வேண்டாம். வெயிலில் நீண்ட நேரம் வரிசையில் நின்றால் தண்ணீர் குடித்துவிட்டு ஏறுங்கள். தலையை ஆசனத்தில் சாய்த்து, அடிவளைவு வரும்போது கால்களையும் வயிற்றையும் இறுக்கிக்கொள்ளுங்கள். கர்ப்பிணிகள், இருதய நோயாளர், பிரஷர் கூடியவர்கள், கழுத்து முதுகு நோ உள்ளவர்கள் தவிர்த்துவிடுங்கள்.

யாராவது மயங்கினால் படுக்க வைத்து, கால்களைச் சற்று உயர்த்துங்கள். உடனே தெளிந்தாலும் அன்று மீண்டும் ஏற்ற வேண்டாம். தெளியத் தாமதமானால், நெஞ்சு நோ, விடாத தலையிடி, வாந்தி, கை கால் பலவீனம் இருந்தால் உடனே டொக்டரிடம் காட்டுங்கள். தலையிடி சில நாட்கள் கழித்து வந்தாலும் அலட்சியம் வேண்டாம். மண்டையோட்டுக்குள் இரத்தம் கசிந்த சம்பவங்கள் மருத்துவ இதழ்களில் பதிவாகியுள்ளன.

முக்கியமாக, ஒரு பிள்ளை "எனக்கு வேணாம்" என்றால் வற்புறுத்தாதீர்கள். சிரிப்புக்குப் பயந்து ஏறும் பிள்ளை, தலை சுற்றினாலும் வெளியே சொல்லாது.

இந்த விடுமுறையில் பயணம் போக இருப்பவர்களுக்கும் இதைச் சொல்லிவிடுங்கள்.