கன்னியின் கல்யாண அரிசி

கன்னியாகுமரிக்குப் போய் வந்தவர்கள் வீட்டில் ஒரு காலத்தில் மூன்று சாமான்கள் கட்டாயம் இருக்கும்: சங்கு, பாசிமணி, பல நிற மணல் அடைத்த பொட்டலம். உங்கள் வீட்டுக் கொலுவிலும் அந்த மணல் இடம் பெற்றிருக்கலாம். எங்கள் வீட்டில் பெற்றிருந்தது. தேவியை மணக்க சுசீந்திரத்திலிருந்து புறப்பட்ட ஈசன், நடுவழியில் சேவல் கூவியதைக் கேட்டு முகூர்த்தம் தப்பியதென்று திரும்பிவிட்டார். கல்யாணத்துக்கு வைத்திருந்த அரிசியெல்லாம் மணலாயிற்று என்று பாட்டி சொல்லுவாள்.

அந்த மணலைத் தேடித்தான் சென்ற மாசியில் மணவாளக்குறிச்சிக்குப் போனேன். நாகர்கோவிலிலிருந்து வயலும் குளமும் தென்னந்தோப்புமாகப் பாதை ஓடுகிறது. மண்டைக்காட்டுப் பகவதியைத் தரிசித்த சகோதரிகளுக்கு அந்தப் பக்கம் பழக்கமாகவே இருக்கும். துணைக்கு வந்த கல்லூரிப் பேராசிரியர் கையில், வெற்றிலைப் பெட்டி அளவில் ஒரு கருவி. தோப்பில் சாதுவாக இருந்த அது, கறுப்பு மணலைக் கண்டதும் 'டிக் டிக்'கென்று அவசரப்பட்டது.

"மணலுக்குள் என்ன பூதமா இருக்கிறது?" என்றேன்.

"பூதம்தான். பெயர் தோரியம்" என்றார்.

மேற்குத் தொடர்ச்சி மலையின் பாறைகள் யுக யுகமாய்ப் பொடிந்து, ஆறுகளோடு கடலுக்கு வருகின்றன. நீங்கள் முறத்தில் அரிசி புடைக்கிறீர்களே, அதே வேலையை அலை செய்கிறது. இலேசான மணலை அள்ளிக்கொண்டு போய், கனமானதைக் கரையில் ஒதுக்குகிறது. கறுப்பு இல்மனைட், சிவப்புக் கார்னெட், தேன் நிற மோனசைட். இந்த மோனசைட்டில்தான் தோரியம் இருக்கிறது. அது கண்ணுக்குத் தெரியாத கதிரை வீசுவதை 1898-ல் ஜெர்மனியில் ஷ்மிட்டும் பாரிஸில் மேரி கியூரி அம்மையாரும் தனித்தனியே கண்டார்கள். அதன் வீரியம் பாதியாகக் குறைய 1,400 கோடி வருஷம் ஆகுமாம்!

இந்தப் பொக்கிஷம் வெளிப்பட்டதே ஒரு வேடிக்கை. 1909-ல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானிய ரசாயன நிபுணர், இந்தப் பக்கத்திலிருந்து கப்பலேறிப் போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலைப் பார்த்தார். மோனசைட் என்று தெரிந்ததும் மணவாளக்குறிச்சிக்கே வந்து ஆலை வைத்தார். அக்காலத்து காஸ் விளக்கின் மேண்டிலுக்குத் தோரியம் இன்றியமையாதது. இன்று அவ்வூரில் மணல் பிரிப்பது மத்திய அரசின் ஐ.ஆர்.இ. ஆலை.

கருவாடு காயப் போட்டுக்கொண்டிருந்த ஒரு பாட்டி எங்களை வெகு நேரம் கவனித்தாள்.

"என்ன மக்களே, மண்ணுக்குக் காய்ச்சலா? நாடி பாக்கியளோ?"

பேராசிரியர் விளக்கினார். அவள் சிரிக்கவில்லை. "எம் பேரப்பிள்ளை இந்த மண்ணிலதான் உருளுது. கெடுதல் உண்டா, இல்லியா? அதச் சொல்லும் சாரே!"

கேரளத்தில் கருநாகப்பள்ளிக் கரையிலும் இதே மோனசைட் மணல். அங்கே வீடு வீடாகக் கதிரை அளந்து, சுமார் 70 ஆயிரம் பேரைப் பல வருஷம் கவனித்தார்கள். மண்ணின் கதிரால் புற்றுநோய் அதிகமானதாகத் தெரியவில்லை என்று 2009-ல் எழுதினார்கள். இதைச் சொன்ன பேராசிரியர், "ஆனால் பாட்டி, அது அந்த ஊர்க் கணக்கு" என்றும் சேர்த்துக்கொண்டார்.

"அப்ப எங்க ஊர்க் கணக்கு?"

அவர் பேசாமல் கருவியை மூடினார். இந்தக் கரையையும் அளந்தவர்கள் உண்டு. ஆனால் அளந்ததெல்லாம் ஆங்கிலச் சஞ்சிகைகளில் இருக்கிறது. பாட்டியின் வாசலுக்கு அது வந்து சேரவில்லை. கிள்ளியூர்ப் பக்கம் புதிதாக மணல் எடுக்கும் திட்டத்தை எதிர்த்து 2024-ல் கடற்கரை ஊர்கள் திரண்டதில் வியப்பென்ன? இருட்டில் இருப்பவர்களுக்குக் கயிறும் பாம்புதானே!

திரும்பும்போது பழைய கதை நினைவுக்கு வந்தது. அந்தக் காலத்தில் எத்தனையோ கல்யாண ஊர்வலங்களில் பெட்ரோமாக்ஸ் விளக்கு ஜெகஜ்ஜோதியாக எரிந்ததே, அதன் மேண்டிலுக்குள் இருந்ததும் தோரியம்தான். தன் கல்யாணம் நின்று போனாலும், கன்னி ஊரார் கல்யாணத்துக்கெல்லாம் வெளிச்சம் கொடுத்தாள். அதில் கொஞ்சம் அந்தப் பாட்டியின் குடிசைக்கும் வந்தால் தேவலை.