மெத்தென்று ஒரு வெடி

தில்லியில் ஹாரன் இல்லாமல் கார் ஓட்ட முடியாது. பிரேக் இல்லாமல்கூடச் சமாளித்துவிடலாம் என்பார்கள் இங்கே. ஒரு ஜனவரி காலை, மூடுபனிக்கு நடுவே நிஜாமுதீன் பாலத்தின் மேல் என் காரின் ஹாரன் ஊமையாகிப்போனது. ஸ்டியரிங்கை இடது பக்கம் திருப்பினால் லேசாக முனகும், நேராக்கினால் மௌனம். கூடவே ஒரு சிவப்பு விளக்கு. உட்கார்ந்திருக்கும் ஒரு மனிதன், அவன் முகத்துக்கு முன்னால் ஒரு பந்து.

இரண்டுக்கும் ஒரே காரணம்தான். ஸ்டியரிங்குக்கு அடியில் உள்ள வட்டமான பிளாஸ்டிக் டப்பாவுக்குள் தட்டையான நாடா போன்ற ஒயர் சுருண்டு கிடக்கிறது. சக்கரம் இடமும் வலமுமாகச் சுற்றும்போது அறுந்துவிடாமல், சுருண்டும் விரிந்தும் அது மின்சாரத்தைக் கொண்டுசெல்கிறது. ஹாரனுக்கும் அதுவே வழி, ஏர்பேக்குக்கும் அதுவே வழி. கிளாக் ஸ்பிரிங் என்று பெயர். அதில் கடிகாரமும் இல்லை, தெறிக்கும் வில்லும் இல்லை. பழைய கடிகாரத்துக்குள் இருக்கும் சுருளைப் பார்த்தவர் யாரோ வைத்த பெயர். தமிழ் எம்.ஏ. படித்துவிட்டு மொழிபெயர்ப்பில் பிழைப்பு நடத்துகிறவளுக்கு இதுபோன்ற பெயர்களிடம் ஒரு பலவீனம் உண்டு.

பட்பட்கஞ்ச் பக்கம் ஒரு பட்டறைக்குப் போனேன். பட்டறைக்காரர் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, ஹாரனுக்குத் தனியாக ஒரு சுவிட்ச் வைத்துவிடலாம் என்றார். சிவப்பு விளக்கை அணைக்க ஐந்நூறு ரூபாய்.

"விளக்கு அணைந்தால் ஏர்பேக் வேலை செய்யுமா?" என்று கேட்டேன்.

"விளக்கு எரியாது, மேடம்" என்றார்.

பொய் சொல்லவில்லை, பாவம். வண்டியில் உள்ள கட்டுப்பாட்டுக் கருவி ஒவ்வொரு முறை சாவியைத் திருப்பும்போதும் ஏர்பேக்கின் இணைப்பு ஒழுங்காக இருக்கிறதா என்று சோதிக்கிறது. ஒயர் அறுந்திருந்தால் விளக்கை எரியவிடுகிறது. அந்த இடத்தில் சில ரூபாய்க்குக் கிடைக்கும் ஒரு ரெசிஸ்டரைச் செருகிவிட்டால் கருவி ஏமாந்துவிடும். எல்லாம் நலம் என்று நினைத்துக்கொள்ளும். மோதுகிற அன்று அது அனுப்பும் மின்சாரம் அந்த ரெசிஸ்டருக்குப் போய்ச் சேரும். பை அப்படியே மடங்கிக் கிடக்கும்.

என் பெண்ணுக்குப் பத்தொன்பது வயது. அப்போதுதான் லைசென்ஸ் வாங்கியிருந்தாள். கல்லூரிக்குக் காரை எடுத்துக்கொண்டு போகப்போகிறாள். பக்கத்து இருக்கையில் பெரும்பாலும் என் அம்மா. ரெசிஸ்டர் யோசனையை நான் விலை விசாரிக்காமலே நிராகரித்ததற்கு வேறு காரணம் சொல்லத் தேவையில்லை. கம்பெனியின் சர்வீஸ் நிலையத்திலோ மூன்று வாரம் கழித்து வரச் சொன்னார்கள்.

எங்கள் மயூர் விஹார் குடியிருப்பில் தஞ்சாவூர்க்காரர் ஒருவர் இருக்கிறார். ரயில்வேயில் பொறியாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எல்லோருக்கும் மாமா. நாங்களே கழற்றி மாற்றலாமா என்று கேட்டேன். "ஸ்டியரிங் ஒண்ணும் பெரிய விஷயம் இல்லேம்மா. அதுக்கு நடுவுல இருக்கே, அதுதான் விஷயம். உன் வண்டியோட மேனுவல் கைக்கு வராம நான் ஸ்பேனரைத் தொட மாட்டேன்" என்றார். பழுதுபார்ப்பவர்களுக்கான கையேட்டை வாங்கினேன். நான் படித்துத் தமிழில் சொல்ல, அவர் செய்வதாக ஏற்பாடு. புதிய கிளாக் ஸ்பிரிங்கை காஷ்மீரி கேட் சந்தையில் பேரம் பேசாமல், ரசீதுடன் வாங்கி வந்தார்.

கையேட்டின் அந்த அத்தியாயத்தை இரண்டு இரவு படித்தேன். ஏர்பேக் என்ற பெயரைப் போல் ஏமாற்றும் பெயர் வேறில்லை. காற்றுப்பை என்று தமிழில் எழுதுகிறோம். குழந்தைகளின் பலூன் போல மெத்தென்று இருக்கிறது சொல். உள்ளே இருப்பது காற்றே அல்ல. ஓர் உலோகக் குப்பியில் ரசாயன மருந்து. மோதலின்போது மின்சாரம் பாய்ந்து திரி பற்றிக்கொள்ள, மருந்து எரிந்து வாயுவாகிப் பையை நிரப்புகிறது. ஒரு விநாடியின் நூறில் மூன்று பங்கு நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். கண் இமைக்கக் குறைந்தது அதைப்போல் மூன்று மடங்கு நேரம் வேண்டும். பை பாய்ந்து வரும் வேகம் மணிக்கு 300 கிலோமீட்டரை ஒட்டியது. அதனால்தான் மார்புக்கும் ஸ்டியரிங்குக்கும் நடுவே குறைந்தது 25 சென்டிமீட்டர் இடைவெளி வேண்டும் என்கிறார்கள். பெல்ட் போடாதவர் முன்னால் சரிந்து, பையை அதன் பாய்ச்சலிலேயே சந்திக்கிறார். ஏர்பேக் மூடியின் மேல் எஸ்.ஆர்.எஸ். என்று பொறித்திருக்கும். அதன் முதல் எழுத்துக்கு 'துணை' என்று பொருள். பெல்ட்டுக்குத் துணை, பெல்ட்டுக்குப் பதில் அல்ல.

இதன் தோற்றக் கதையும் சுவையானது. அமெரிக்காவில் ஜான் ஹெட்ரிக் என்ற பொறியாளர் 1952-ல் மனைவி, மகளோடு காரில் போனபோது வண்டி பள்ளத்தில் இறங்கியது. கணவன் மனைவி இருவரும் அனிச்சையாக மகளுக்குக் குறுக்கே கையை நீட்டினார்கள். அந்தக் கையின் வேலையைச் செய்ய ஒரு கருவி இருந்தால் என்ன என்று யோசித்தவருக்கு, போர்க்காலத்தில் கடற்படையில் டார்பிடோ பழுதுபார்த்தபோது கண்டது நினைவுக்கு வந்தது. அழுத்தப்பட்ட காற்று திடீரென்று விடுபட, மூடியிருந்த கித்தான் உறை கூரை வரை எகிறியதாம். 1953-ல் காப்புரிமை பெற்றார். கார் கம்பெனிகள் அதைப் பயன்படுத்த முன்வருவதற்குள் காப்புரிமைக் காலமே முடிந்துவிட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை ஆரம்பித்தது. சக்கரங்களை நேராக நிறுத்தி, சாவியை எடுத்தாயிற்று. பேட்டரியின் நெகடிவ் முனையை முதலில் கழற்றினார் மாமா. பாசிடிவை முதலில் தொட்டால், ஸ்பேனர் வண்டியின் உடம்பில் இடித்துப் பொறி பறக்கும். பிறகு காத்திருக்க வேண்டும். பேட்டரியைக் கழற்றியபின் ஏன் காத்திருக்க வேண்டும் என்று என் பெண் கேட்டாள். மோதலில் பேட்டரியே நசுங்கிப்போனாலும் பை விரிய வேண்டுமே. அதற்காகக் கட்டுப்பாட்டுக் கருவி கொஞ்சம் மின்சாரத்தைத் தனக்குள் சேமித்து வைத்திருக்கிறது. அது வடிய வேண்டும். சில வண்டிகளுக்கு ஒன்றரை நிமிடம், சிலவற்றுக்கு மூன்று, சிலவற்றுக்குப் பத்து. எங்கள் கையேடு மூன்று என்றது. மாமா அரை மணி நேரம் ஆக்கினார். காபி கேட்டு வாங்கிக் குடித்தார்.

தில்லி குளிர்காலத்தில் ஸ்வெட்டரைக் கழற்றினாலே சடசடவென்று பொறி பறக்கும். பிளாஸ்டிக் நாற்காலியிலிருந்து எழுந்து கதவைத் தொட்டால் ஷாக். அந்த அற்ப மின்சாரமும் திரிக்கு ஆகாது என்பதால் மாமா ஸ்வெட்டரைக் கழற்றிவிட்டு, வண்டியின் இரும்பைத் தொட்டுத்தொட்டு வேலை செய்தார். ஸ்டியரிங்கின் பின்னால் இரண்டு ஸ்டார் திருகுகள். (புது வண்டிகள் பலவற்றில் திருகு இருக்காது, பக்கத்துத் துளை வழியே மெல்லிய கம்பியைவிட்டு உள்ளேயிருக்கும் பிடியைத் தளர்த்த வேண்டும்.) நடு மூடி கையோடு வந்தது. பின்புறத்தில் மஞ்சள் நிற இணைப்பு. ஏர்பேக் சம்பந்தப்பட்ட ஒயரும் செருகியும் மஞ்சளாக இருப்பது உலக வழக்கம். நம் வீட்டில் மஞ்சள் என்றால் மங்கலம். இங்கே, தொடாதே என்று பொருள். அதன் பூட்டை நெம்பி, இழுக்காமல், மெல்லக் கழற்றினார்.

பழக்க தோஷம், கை மல்டிமீட்டரை நோக்கிப் போனது. "பையின் மின்தடையை எக்காரணம் கொண்டும் அளக்கக் கூடாது" என்று வாசித்தேன். மீட்டர் அனுப்பும் சொற்ப மின்சாரமே திரிக்குப் போதுமானதாகிவிடலாம். "சரி, வேண்டாம்" என்று அதை டப்பாவில் போட்டு மூடினார்.

அடுத்த வாக்கியம்தான் முக்கியம். கழற்றிய ஏர்பேக்கை, மூடிப் பக்கம் உடம்புக்கு எதிர்த்திசையில் இருக்கும்படி எடுத்துச் செல்ல வேண்டும். கீழே வைக்கும்போது மூடி மேல் நோக்கி இருக்க வேண்டும். தப்பித்தவறி வெடித்தால் பை வெட்டவெளியில் விரிந்து அடங்கும். கவிழ்த்து வைத்தால் குப்பியே ராக்கெட்டாகிவிடும். புஸ்வாணத்தைக் கவிழ்த்து வைத்துக் கொளுத்தினால் என்ன ஆகும் என்று மொழிபெயர்த்தேன். கையேட்டில் புஸ்வாணம் இல்லை. ஆனால் அதைவிடச் சரியான மொழிபெயர்ப்பு எனக்குத் தோன்றவில்லை. கைக்குழந்தையை ஏந்துவதுபோல அல்ல, சூடான வாணலியைக் கொண்டுபோவதுபோல இரண்டு கையையும் நீட்டிப் பிடித்துப்போய், ஆளில்லாத அறையில் தரையில் வைத்துக் கதவைப் பூட்டினார். சாவி என் இடுப்பில்.

மற்றது மெக்கானிக் வேலைதான். நட்டைக் கழற்றுமுன் என் பெண்ணின் நகப்பாலிஷால் சக்கரத்திலும் தண்டிலும் ஒரே நேராகக் கோடு போட்டோம். பல் மாறி உட்கார்ந்தால் நேராகப் போகும் வண்டியில் ஸ்டியரிங் கோணலாக இருக்கும். நட்டை முழுக்க எடுக்காமல் சில மரை விட்டுவைத்து, சக்கரத்தை இப்படியும் அப்படியுமாக அசைத்து இழுத்தார். நட்டு அங்கே இருப்பது மூக்கைக் காப்பாற்ற. பிடிவாதமாக இருக்கும் சக்கரம் விடுபடும்போது ஒரே அடியாக முகத்துக்கு வரும். புது கிளாக் ஸ்பிரிங் நடுநிலையில் பூட்டப்பட்டு வருகிறது. அதைச் சுழற்றிப் பார்க்கக் கூடாது. நடுநிலை தவறினால், ஒரு நாள் யு-டர்ன் எடுக்கும்போது நாடா அறுந்து, பழைய சிவப்பு விளக்கு திரும்ப வரும். பொருத்திய பிறகு நட்டைக் கையேடு சொன்ன அளவுக்கு, அளவு காட்டும் ஸ்பேனரால் முறுக்கினார். குத்துமதிப்பாக முறுக்குவதில் அவருக்கு நம்பிக்கை கிடையாது.

பேட்டரியைக் கடைசியாக இணைத்தபோது வண்டிக்குள் யாரும் இல்லை. ஜன்னல் வழியாகக் கையை மட்டும் விட்டு, ஸ்டியரிங்குக்கு நேராக முகத்தைக் காட்டாமல், சாவியைத் திருப்பினார். சிவப்பு விளக்கு எரிந்தது. சில விநாடி. அணைந்தது. என் பெண் ஹாரனை அடித்ததில் முதல் மாடி ஜன்னல் திறந்தது.

இதைப் படித்துவிட்டு எல்லோரும் ஸ்பேனரைத் தூக்க வேண்டாம். கிளாக் ஸ்பிரிங் மாற்றலாம். அதுவும் அந்தந்த வண்டியின் கையேடும், மாமாவைப் போன்ற சந்தேகப் பிராணியும் கூட இருந்தால். ஏர்பேக்கையே மாற்ற வேண்டும் என்றால் கம்பெனியிடம்தான் போக வேண்டும். ஒரு முறை விரிந்த பையை மடித்து வைத்துத் தைத்துவிட முடியாது. உடைசல் வண்டியிலிருந்து எடுத்ததும் ஆகாது. வெளித்தோற்றத்தில் உள்ளே இருப்பது தெரியாது. 2024-ல் தில்லி போலீசார் போலி ஏர்பேக் தயாரித்த மூவரைக் கைது செய்தபோது, பல கம்பெனிகளின் பெயர் பொறித்த 900-க்கும் மேற்பட்ட பைகள் சிக்கின. அசலிலேயே கோளாறு நேர்ந்ததும் உண்டு. ஜப்பானின் டகாட்டா நிறுவனம் பயன்படுத்திய அமோனியம் நைட்ரேட், வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் ஆண்டுக்கணக்கில் கெட்டு, குப்பியையே சிதறடித்தது. பையோடு இரும்புத் துண்டுகளும் வந்தன. உலகெங்கும் கோடிக்கணக்கான குப்பிகள் திரும்பப் பெறப்பட்டு, 2017-ல் நிறுவனம் திவாலானது. இந்தியாவிலும் பல்லாயிரம் கார்கள் அழைக்கப்பட்டன. பழைய கார் வாங்குபவர்கள் சாவியைத் திருப்பியதும் ஏர்பேக் விளக்கைப் பார்க்க வேண்டும். எரிந்து அணைய வேண்டும். எரியவே இல்லை என்றால், பல்பையே பிடுங்கியிருக்கிறார்கள். ரெசிஸ்டர் வைத்திருந்தாலோ விளக்கும் காட்டிக்கொடுக்காது. தில்லியில் வயதான கார்கள் வெளி மாநிலங்களுக்குப் போவது வெகுகாலமாக நடக்கிற வியாபாரம். எத்தனை ரெசிஸ்டர்கள் எந்தெந்த ஊரில் ஓடிக்கொண்டிருக்கின்றனவோ.

ஓட்டுநருக்கு ஏர்பேக் 2019 ஜூலையிலிருந்து கட்டாயம். முன்னிருக்கைப் பயணிக்கும் 2021 டிசம்பர் 31-லிருந்து எல்லாக் கார்களிலும். ஆறு பைகள் கட்டாயமாகும் என்ற பேச்சு 2023-ல் கைவிடப்பட்டது. எண்ணிக்கையைப் பற்றித்தான் விவாதம். மொழியைப் பற்றி யாரும் பேசுவதில்லை. இருபது ஆண்டுகளில் எத்தனையோ கார் விளம்பரங்களைத் தமிழாக்கியிருக்கிறேன். அரவணைப்பு, கவசம், தாய்மடி என்று வார்த்தைகளைத் தேடிக் கொடுத்ததுண்டு. எச்சரிக்கைப் பக்கத்தை மொழிபெயர்க்கச் சொல்லி ஒருவரும் கேட்டதில்லை. பின்னோக்கிப் பொருத்தும் குழந்தை இருக்கையை ஏர்பேக் உள்ள முன்னிருக்கையில் வைக்கவே கூடாது என்ற வாக்கியம் என் காரின் வெயில் மறைப்பில் ஆங்கிலத்தில் இருக்கிறது. மாயாபுரியிலும் கரோல் பாக்கிலும் ஸ்டியரிங்கைக் கழற்றும் பையன்கள் கையால் கற்றவர்கள். அவர்களிடம் கவிழ்த்து வைக்காதே என்று எந்தக் காகிதமும் இந்தியில்கூடச் சொன்னதில்லை. எங்கள் கையேட்டின் அந்தப் பன்னிரண்டு பக்கங்களை இப்போது தமிழில் எழுதி வைத்திருக்கிறேன். மாமா இந்தியில் சொல்லிக்கொண்டு வர, என் பெண் எழுதுகிறாள். பட்டறைக்காரரிடம் ஒரு பிரதி கொடுப்பதாக உத்தேசம். வாங்கிக்கொள்வாரா, தெரியாது.

பக்கத்து இருக்கைக்கு எதிரே, டேஷ்போர்டின் மேல், அம்மா ஒட்டிவைத்த பித்தளைப் பிள்ளையார் ஒன்பது வருடமாக இருந்தார். அவருக்கு நேர் அடியில்தான் இரண்டாவது பை. அது விரிந்தால் பிள்ளையார் எந்த வேகத்தில், யார் முகத்தை நோக்கிப் புறப்படுவார் என்று மாமா அம்மாவுக்கு விளக்கினார். அம்மா நீண்ட நேரம் ஒன்றும் சொல்லவில்லை. "எதிரே பார்த்துண்டு வந்தாத்தானே வழி காட்டுவார்?" என்றாள் கடைசியில். பிறகு அவளே வெந்நீரில் துணியை நனைத்துப் பசையை ஊறவைத்து, மெல்ல மெல்லப் பெயர்த்தெடுத்தாள்.