கூலர் ஓடட்டும்

பேட்டி, பின்னணிக் குரல், உருக்கமான இசை. ஆவணப்படம் என்றால் இதுதான் என்று நினைத்துத்தான், நாங்கள் தீதி (அக்கா) என்று கூப்பிடும் இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்ந்தேன். கேமராவைத் தொடுவதற்கு முன் சில படங்களைப் பார்க்கச் சொன்னார். ராகுல் ராயின் 'வென் ஃபோர் ஃப்ரெண்ட்ஸ் மீட்' (2000), டெல்லி ஜஹாங்கீர்புரி இளைஞர்கள் நால்வர் காதலையும் வேலையையும் மனம்விட்டுப் பேசும் படம். பல ஆண்டுகள் கழித்து அதே நால்வரிடம் திரும்பிப்போய் இன்னொரு படமும் எடுத்தார் அவர். அதே ஜஹாங்கீர்புரியின் சிறுவர் இல்லம் ஒன்றில் மானுடவியல் படக்காரர் டேவிட் மெக்டூகல் எடுத்தது 'காந்தீஸ் சில்ட்ரன்' (2008). மூன்று மணி நேரப் படம்; விளக்கிச் சொல்லும் குரலே இல்லை. பையன்கள் சண்டை போடுகிறார்கள், சாப்பிடுகிறார்கள், பொய் சொல்கிறார்கள். பார்த்துப் பார்த்துத்தான் அவர்களைத் தெரிந்துகொள்கிறோம்.

பிறகு நாங்கள் படமெடுக்கப் போனது டெல்லி சீலம்பூருக்கு. திருப்பூரில் பிசிறு வெட்டுவார்களே, அதே வேலையை ஜீன்ஸில் செய்யும் பெண்கள். பீஸ் கணக்கில் கூலி. கால்சட்டையை மடியில் புரட்டி, தையல் ஓரத்தை விரலால் தடவிக்கொண்டே போவார்கள்; நூல் தட்டுப்படும் இடத்தில் கட்டர் தானாக வெட்டும். கண் டிவியில் இருக்கும். நீலத் தூசி புருவம்வரை ஏறியிருக்கும்.

அங்கே தீதி ஜூம் போடவிடவில்லை. அகல லென்ஸ்தான். முகம் பெரிதாக வேண்டுமென்றால் பக்கத்தில் போய் உட்கார வேண்டும். அப்போதுதான் நாம் எடுப்பது அவர்களுக்கும் தெரியும், பிடிக்காவிட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்ளலாம். எட்ட நின்று இழுத்து எடுப்பது திருட்டு என்பார். எனக்கும் இப்போது அதில் மறுபேச்சில்லை.

சத்தம்தான் எனக்குக் கஷ்டமாக இருந்தது. கூலரின் இரைச்சலில் பேச்சு கேட்கவில்லை, நிறுத்தச் சொல்லட்டுமா என்றேன். "ஜூன் மாதத்தில் கூலர் இல்லாமல் இவர்கள் இப்படியா உட்கார்ந்திருப்பார்கள்? மைக்கைக் கிட்டே கொண்டுபோ." 'இன்னொரு தடவை செய்யுங்கள்' என்று கேட்பதும் கிடையாது. தவறியது தவறியதுதான், நாளைக்கும் அவர்கள் வெட்டத்தான் போகிறார்கள்.

ராத்திரி வேலை வேறு. எடுத்ததையெல்லாம் ஓடவிட்டு, யார் எப்போது வந்தார், எதற்குச் சிரித்தார், பேச்சு எங்கே நின்றது என்று நோட்டில் எழுத வேண்டும். படம் உண்மையில் அந்த நோட்டில்தான் உருவாகிறது என்பேன். கேமராவுக்குப் பின்னால் இருந்தபோது கவனிக்காததெல்லாம் அங்கே பிடிபடும்: மாமியார் வந்தால் இளைய மருமகள் பாட்டை நிறுத்திவிடுகிறாள்.

எடுத்ததை, எடுக்கப்பட்டவர்களுக்கே போட்டுக்காட்டும் வழக்கம் பிரெஞ்சு மானுடவியல் படக்காரர் ஷான் ரூஷுக்கும் இருந்தது. நாங்களும் லேப்டாப்பில் போட்டுக் காட்டினோம். முதலில் சிரிப்பு, கேலி. முடிந்ததும் மூத்தவர் கேட்டார்: "நாங்கள் வெட்டுவதை இவ்வளவு நேரம் காட்டுகிறீர்களே, டேகேதார் (ஒப்பந்தக்காரர்) வந்து எண்ணுவது எங்கே? அவன் எண்ணிக்கையில்தானே சண்டையே!"

அவன் சனிக்கிழமை சாயங்காலம் வருவானாம். பேட்டரிகளைச் சார்ஜில் போட்டிருக்கிறேன்.