இரு துறைமுகங்களும் ஒரு குரலும்

1942 ஏப்பிரல் 9 ஆம் நாள் திருகோணமலையைத் தாக்கிய யப்பானின் ஐந்து விமானந்தாங்கிக் கப்பல்களும், நான்கு திங்களின் முன் ஹவாயின் பேர்ள் துறைமுகத்தைத் தாக்கியவையே. இவ்விரு துறைகளையும் உலகம் போரினாலேயே அறிந்தது. கரைவாழ் மக்களின் மொழியை அது செவிமடுக்கவில்லை.

ஹவாயில் 1896 ஆம் ஆண்டுச் சட்டம் ஆங்கிலத்தையே போதனாமொழியாக்கிற்று, தாய்மொழி தேய்ந்தது. அம்மண்ணின் மகளாகிய நடிகை அவுலீ கிரவாலியோ, 2016 இல் 'மோவானா' திரைப்படத்தில் ஆங்கிலத்திற் குரல் கொடுத்தார். 2018 இல் அதே பாத்திரத்தை ஹவாய் மொழியிற் பேசினார். ஒருகாலத்திற் பள்ளிகள் விலக்கிய மொழியைச் சிறுவர் திரையிற் கேட்டனர்.

கொட்டியாரக் குடாவின் கரையோரப் பேச்சுக்கும் அத்தகைய குரல் வேண்டும். அகராதி சொல்லையும் பொருளையும் காக்கும். தாய் பிள்ளையை அழைக்கும் தொனியைக் காப்பது நடிப்பே. அத்தொனி மறைந்தபின் அதனை மீட்க எந்த நூலும் உதவாது.